ஒரு வினைச்சொல்லுக்கு இருபது படுக்கை

முதல் முறை என் மனைவி ஆங்கிலத் தேர்வில் தோற்றதற்கு நான்தான் காரணம். இதை அவள் வாய்விட்டுச் சொன்னதில்லை. இருபத்திரண்டு வருடம் நர்ஸ் வேலை பார்த்தவர்களுக்கு, ஒரு வார்த்தையும் பேசாமல் எதிரில் இருப்பவனுக்கு அவனுடைய வியாதியைத் தெரியப்படுத்தும் பார்வை ஒன்று கைவந்துவிடுகிறது. அந்தப் பார்வையை அன்று எனக்குக் கொடுத்தாள்.

இங்கிலாந்துக்கு நர்ஸ் வேலைக்குப் போகிறவர்கள் எழுத வேண்டிய தேர்வு அது. கேட்பது, படிப்பது, எழுதுவது, பேசுவது என்று நான்கு பகுதி. முதல் மூன்றில் தேறிவிட்டாள். பேசுவதில்தான் போயிற்று. பேசுவதற்குப் பயிற்சி கொடுத்தவன் நான். தேறினால் நாலைந்து மாதத்தில் விமானம் ஏறுவாள், மூன்று வருடத்துக்கு அங்கே வேலை, நான் ஸ்ரீரங்கத்து வாடகை வீட்டில் இருப்பேன் என்பது ஏற்பாடு. மகன் கோயம்புத்தூரில் விடுதியில் தங்கி இன்ஜினீயரிங் படிக்கிறான். விஷயத்தைச் சொன்னபோது அவன் கேட்டது ஒரே கேள்வி: "அப்பா சாப்பாட்டுக்கு என்ன பண்ணுவாரு?" அதையும் என்னிடம் கேட்கவில்லை, போனை அம்மாவிடம் கொடுக்கச் சொல்லி அவளிடம் கேட்டான்.

நான் ஒரு தனியார் கல்லூரியில் நூலகர். ஆங்கிலத்தை முப்பது வருடமாகப் படித்திருக்கிறேன். பேசியதை எல்லாம் கூட்டினால் ஒரு சாப்பாட்டு இடைவேளைக்குக் காணாது. இப்படிப்பட்டவர்களுக்குப் பெரிய வார்த்தைகள் மேல் ஒரு மோகம் இருக்கும். வாசலில் கார் நிற்கிறது என்பதே போதும், ஓட்டத் தெரிய வேண்டியதில்லை. வலியைக் குறைப்பதற்கு 'அமிலியரேட்', முயற்சி செய்வதற்கு 'என்டெவர்' என்று என் கொட்டகையில் நின்ற வண்டிகளை எல்லாம் துடைத்து அவளிடம் சாவியைக் கொடுத்தேன். தேர்வில் பேச்சுப் பகுதியில் ஒருவர் நோயாளியாக நடிப்பார், நர்ஸ் அவரிடம் ஐந்து நிமிடம் பேச வேண்டும். அன்று நோயாளியாக வந்த பெண்மணி வயிற்றைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். என் மனைவி அவரைப் பார்த்து, தமிழில் சொன்னால், 'தங்கள் உபாதையைத் தணித்தருள யான் முயல்வேன்' என்று சொல்லியிருக்கிறாள்.

"அந்தம்மா வயித்துல இருந்து கையை எடுத்துட்டாங்க," என்றாள் வெளியே வந்து. "எனக்கே வேற யாரோ பேசற மாதிரி இருந்துச்சுங்க."

அவள் எதற்காகப் போக நினைத்தாள் என்பதையும் சொல்லிவிட வேண்டும். தில்லைநகர் பக்கம் ஒரு தனியார் மருத்துவமனையில் வேலை பார்க்கிறாள். ஒரு தளத்தில் ஆண்கள் பக்கம் பத்துப் படுக்கை, பெண்கள் பக்கம் பத்து. ஒரு ஷிப்டுக்கு இரண்டு நர்ஸ். அவளிடம் ஊசி போடக் கற்றுக்கொண்ட பெண்கள் ஒவ்வொருவராக வெளிநாட்டுக்குப் போனார்கள். ஒவ்வொரு முறையும் கேக் வெட்டுவார்கள். கேக்கைப் பிடித்துக்கொள்வது சீனியர் என்ற முறையில் இவள். அப்படி எத்தனையோ கேக்குக்குப் பிறகு ஒருநாள் சொன்னாள்: "ஒரு பேஷண்ட் ஏதோ சொல்ல வர்றாருன்னா நின்னு முழுசாக் கேக்கணுங்க. இங்க பாதி கேக்கறதுக்குள்ள அடுத்த பெட்டுல மணி அடிக்குது. அங்க நிக்கலாமாம். நாப்பத்தி நாலு ஆச்சு எனக்கு. இன்னும் எப்ப?"

நல்லதுதான் என்றேன். நல்லதுதான் என்று சொல்லிவிட்டு அடுப்படிக்குப் போய் அங்கே எது எங்கே இருக்கிறது என்று ஒரு தடவை பார்த்துக்கொண்டேன்.

தோற்றதற்கு அடுத்த ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், இவளிடம் வேலை கற்றுப் போன மணப்பாறைப் பெண் ஒருத்தி அங்கிருந்து வீடியோவில் வந்தாள். நான் பக்கத்து நாற்காலியில் பேப்பர் படித்துக்கொண்டிருந்தது அவளுக்குத் தெரியாது.

"அக்கா, சார் சொல்லித் தர்ற வார்த்தையெல்லாம் இங்க பெரிய டாக்டரே பேசறதில்ல. கெட்னு ஒண்ணு இருக்கு பாருங்க, அது போதும். எந்திரிக்கறதுக்கும் கெட், உடம்பு தேறறதுக்கும் கெட், புரியறதுக்கும் கெட், பஸ்ஸைப் புடிக்கறதுக்கும் கெட். என் வார்டுல ஒரு தாத்தா காலைல இருந்து சாயந்தரம் வரைக்கும் கெட்டை வெச்சே ஓட்டிடறாரு. சார் பேச்சைக் கேட்டீங்கன்னா..."

"சார் இங்கதான் இருக்காரு," என்றாள் என் மனைவி.

"ஐயோ. சார், வணக்கம் சார். நல்லா இருக்கீங்களா சார்?"

நல்லா இருக்கிறேன் என்று பேப்பருக்குப் பின்னாலிருந்து சொன்னேன்.

மறுநாள் நூலகத்தில் பெரிய ஆங்கில அகராதியை எடுத்தேன். வெளியே கொடுக்கக் கூடாத புத்தகம் என்று அதன் முதுகில் ஒட்டியிருக்கிறோம். யாரும் கேட்டதில்லை. நான் போற்றி வளர்த்த அரிய சொற்களுக்கு அதில் இரண்டு வரி, மூன்று வரி. இந்த மூன்றெழுத்து வினைச்சொல்லுக்குப் பக்கம் பக்கமாகப் போகிறது. பெறுவது, ஆவது, போய்ச் சேருவது, ஒருவரைக் கொண்டு ஒரு காரியத்தைச் செய்விப்பது. பிறகு பின்னால் ஒரு குட்டிச் சொல்லைச் சேர்த்தால் எழுந்திருப்பது, தப்பிப்பது, ஒழித்துக்கட்டுவது, ஒத்துப்போவது, சமாளிப்பது, துக்கத்திலிருந்து மீள்வது. முப்பது வருடமாக ஒவ்வொரு பக்கத்திலும் என் எதிரில் வந்த சொல். முகத்தைக்கூடச் சரியாகப் பார்த்ததில்லை. தெருவில் தினமும் பார்க்கும் ஆள் ஊரிலேயே பெரிய குடும்பஸ்தர் என்று தெரியவந்தால் எப்படி இருக்கும்?

ஆனாலும் நூலகர் அல்லவா? வகைப்படுத்தினேன். கெட்டியான அட்டைகளை வெட்டி, ஒரு பயன்பாட்டுக்கு ஓர் அட்டை. பெறுதல், ஆதல், அடைதல், செய்வித்தல், இதர என்று ஐந்து சிறு பெட்டி. மூன்று நாளில் முதல் நான்கு பெட்டியும் பாதிக்கு மேல் நிறையவில்லை, 'இதர' மூடவே மாட்டேன் என்றது. எந்த வகைப்பாட்டிலும் 'இதர' பெருக ஆரம்பித்தால் அதைச் செய்தவனுக்கு விஷயம் தெரியவில்லை என்று அர்த்தம். இது எங்கள் தொழிலில் எல்லோருக்கும் தெரியும். நான் இன்னொரு பெட்டி வாங்கி 'இதர, இரண்டு' என்று எழுதினேன்.

சாயந்தரம், டூட்டி முடிந்து வந்திருந்தவளைக் காபி கொடுத்து உட்கார வைத்தேன்.

"இது ஆதல் வகை. கெட் வெட், நனைந்து போவது. கெட் மேரிட், கல்யாணம் ஆவது. ரெண்டும் ஒரே வகை, கவனிச்சியா?"

"ரெண்டும் நாமளா போய் மாட்டிக்கறது."

"அப்படி இல்ல. ஒரு நிலையில இருந்து இன்னொரு நிலைக்கு..."

"சரி, கெட் அவுட்டுன்னா வெளிய போ. கெட் அப்னா ஏன் மேல போ இல்ல?"

"அது எந்திரி."

"ஏன்?"

"அது அப்படித்தான்."

ஒவ்வொரு அட்டையிலும் கடைசியில் இந்த இடத்துக்குத்தான் வந்து நின்றோம். முப்பது வருடப் படிப்பு முழுவதும் 'அது அப்படித்தான்' என்ற இரண்டு வார்த்தையில் அடங்கிவிட்டது. நாலாவது நாள், செய்வித்தல் பெட்டியை நான் விளக்கிக்கொண்டிருக்கும்போது அவள் உட்கார்ந்தபடியே தூங்கிவிட்டாள். கையிலிருந்த அட்டையை மெல்ல உருவி எடுத்தேன். 'கெட் சம்படி டு லிசன்', ஒருவரைக் கேட்க வைப்பது.

அதற்கு அடுத்த வாரம் ஒருநாள் அவள் என்னுடைய ஆறு பெட்டிகளையும் பாயில் கொட்டினாள். பழைய கேஸ் ஷீட் ஒன்றின் பின்பக்கம் ஒன்றிலிருந்து இருபது வரை நம்பர் போட்டிருந்தாள்.

"எனக்கு எதுவும் பெட்டியில நிக்காதுங்க," என்றாள். "பெட்டுலதான் நிக்கும்."

மருத்துவமனையில் ஷிப்டு மாறும்போது, போகிற நர்ஸ் வருகிற நர்ஸை அழைத்துக்கொண்டு ஒவ்வொரு படுக்கையாக நிற்பாள். இவர் யார், என்ன கோளாறு, இன்று என்ன ஆயிற்று, இனி என்ன கவனிக்க வேண்டும் என்று சொல்லி ஒப்படைப்பாள். இதை அவர்கள் 'ஓவர் கொடுப்பது' என்கிறார்கள். இருபத்திரண்டு வருடமாக ஒரு நாளைக்கு இரண்டு முறை இதைச் செய்கிறாள். யாருக்கு எந்த மாத்திரை என்று சீட்டைப் பார்க்காமல் சொல்வாள். படுக்கையிலிருந்து ஆள் வீட்டுக்குப் போய் ஒரு மாதம் ஆனாலும் சொல்வாள். அந்த வார்டில் என் வினைச்சொல்லை அட்மிட் செய்துவிட்டாள். ஒரு படுக்கைக்கு ஓர் அர்த்தம்.

"நான் ஓவர் குடுக்கறேன். நீங்க நைட் டூட்டி சிஸ்டர்."

"நானா?"

"வேற யாரு இருக்கா? நில்லுங்க. உக்காந்து ஓவர் எடுக்கக் கூடாது."

எழுந்து நின்றேன்.

"ஒண்ணாம் பெட், லால்குடிக்காரர், குடலிறக்க ஆபரேஷன். கெட் அப். இன்னைக்குத் தானா எந்திரிச்சாரு. ரெண்டாம் பெட் அவரு பக்கத்து ஊரு. கெட் பேக். நடவு வேலை கெடக்கு, ஊருக்குத் திரும்பணும்னு காலைல இருந்து நச்சரிப்பு. மூணாம் பெட் பாலக்கரை பாய், நாலாம் பெட் ரயில்வே ரிட்டயர்டு. ரெண்டு பேருக்கும் கெட் அலாங். ஒருத்தர் ஃபேனைப் போடுவாரு, ஒருத்தர் நிறுத்துவாரு."

"கெட் அலாங்னா ஒத்துப்போறது. இவங்கதான் ஒத்துப்போகலையே?"

"டோன்ட் கெட் அலாங்னு எழுதியிருக்கேன். ஓவர் எடுக்கறப்ப குறுக்க பேசாதீங்க. அஞ்சாம் பெட் கிட்னியில கல்லு. கெட் ரிட் ஆஃப். அது வெளிய போகணும், நிறைய தண்ணி குடுங்க."

இப்படியே பெண்கள் பக்கம் போனோம். பன்னிரண்டாம் படுக்கையில் காட்டூர் அம்மா, சர்க்கரை. 'கெட் இட்', புரிந்துகொள்வது. எதைச் சொன்னாலும் புரிந்துவிட்டது என்று தலையாட்டிவிட்டுக் காலை மாத்திரையை ராத்திரி போட்டுக்கொள்ளும். பதினேழாம் படுக்கையில் கணவனைச் சாகக்கொடுத்துவிட்டு ரத்தக் கொதிப்போடு வந்த ஒரு பெண். 'கெட் ஓவர்', மீண்டு வருவது. "இதுக்கு மட்டும் தேதி கேக்காதீங்க, மெதுவாத்தான் ஆகும்," என்றாள், நான் உண்மையிலேயே அடுத்த ஷிப்டுக்கு வந்தவன் மாதிரி. இருபதாம் படுக்கை காலி. அங்கே 'கெட் பை' இருந்தது, இருப்பதை வைத்துச் சமாளிப்பது. "அது பேஷண்ட் இல்ல. எங்க ஸ்டாஃப். இருபது பேருக்கு ரெண்டு பேர்."

நடுவில் ஒன்றை விட்டுவிட்டாளே என்று நினைத்தேன்.

"பதினாலு?"

"அது நீங்க. கெட் யூஸ்ட் டு. பழகிக்கறது."

"பதினாலு பொம்பளைங்க பக்கமாச்சே?"

"ஆம்பளைங்க பக்கம் இடமில்ல."

"எனக்கு என்ன கோளாறு?"

"ரசம் வைக்கத் தெரியல. துணி மெஷின்ல எந்தப் பட்டன்னு தெரியல. கேஸ் புக் பண்ற நம்பர் தெரியல. தனியா இருந்தா டிவியப் போட்டுட்டு டிவியப் பார்க்கறதில்ல." சீட்டைப் பார்த்துப் படிப்பதுபோல் படித்தாள். சீட்டில் ஒன்றும் எழுதவில்லை, நான் பார்த்தேன்.

அன்றிலிருந்து தினமும் ஓவர். ஒரு அர்த்தத்தை மூன்று நாள் தப்பில்லாமல் சொல்லிவிட்டால் அதை டிஸ்சார்ஜ் செய்து வேறொன்றை அந்தப் படுக்கையில் போட்டாள். தடுமாறினால் திரும்ப அட்மிஷன். நிஜ வார்டில் லால்குடிக்காரர் வீட்டுக்குப் போனபோது அவர் இடத்தில் வந்தவருக்கு ஏற்ற ஒரு கெட்டைத் தேடி என்னிடம் அட்டை கேட்டாள். காவிரிப் பாலத்தில் பஸ் ஊர்ந்துகொண்டிருக்கும்போது வாய் முணுமுணுக்கும். பக்கத்து சீட்டில் இருப்பவர்கள் ஸ்ரீரங்கம் என்பதால் ஏதோ ஸ்லோகம் என்று நினைத்துக் காலை ஒதுக்கி வழிவிடுவார்கள். என் நிலைமைதான் மோசம். எட்டாம் படுக்கை என்ன என்று திடீரென்று கேட்பாள். நான் விழிப்பேன்.

"நேத்து ஓவர் எடுத்தீங்கல்ல? இப்படி இருந்தா பேஷண்ட் செத்துருவாரு."

அட்டை எழுதியவன் நான். அகராதியைப் புரட்டியவன் நான். ஒரு மாதத்தில் இந்த வினைச்சொல் அவளுக்குத் தெரிந்த அளவு எனக்குத் தெரியவில்லை.

சொற்கள் வந்துவிட்டன, இனி பேச்சுப் பயிற்சி. நான் நோயாளி, அவள் நர்ஸ். இதிலாவது என் மரியாதையைக் காப்பாற்றிக்கொள்ளலாம் என்று நினைத்தேன். முதுகுவலி என்று மாதிரித் தேர்வு அட்டையில் இருந்தது. சும்மா வலிக்கிறது என்று சொன்னால் என்ன நடிப்பு? கட்டிலில் புரண்டு, ஆங்கிலத்தில் கடவுளைக் கூப்பிட்டு, வலியின் தன்மையை மூன்று உவமைகளில் விவரித்துக்கொண்டிருந்தேன். கதவு தட்டும் சத்தம். கீழ் வீட்டில் இருக்கும் எங்கள் வீட்டுக்கார மாமி, கையில் வெள்ளிக் கிண்ணத்தோடு நிற்கிறார்.

"என்ன ஆச்சு? ஆம்பளைக் குரல்ல அப்படி ஒரு அலறல் கேக்கறதே! உடம்பு ரொம்பப் படுத்தறதா?"

"இல்ல மாமி. பேஷண்டா நடிக்கறேன்."

"நடிக்கறேளா? பெருமாளே! நான் நிஜம்னுன்னா நினைச்சுண்டு தீர்த்தத்தை எடுத்துண்டு மாடி ஏறி வந்தேன்." என் மனைவியைப் பார்த்தார். "இவர் இப்படிக் கத்தினா நீ எங்கேர்ந்து பேசறது?"

"அதைத்தான் மாமி நானும் சொல்றேன்."

மாமியின் மகள் வெளிநாட்டில் இருக்கிறாள். அவளுடைய பிரசவத்துக்குப் போனபோது மாமிக்கே கால் பிசகி அங்கே ஆஸ்பத்திரியில் ஒருநாள் இருந்திருக்கிறார். அந்த ஒருநாள் அனுபவத்தோடு என்னைக் கட்டிலிலிருந்து எழுப்பிவிட்டு, புடவையைச் சரிசெய்துகொண்டு உட்கார்ந்தார். அலறவில்லை. முழங்காலில் கையை வைத்துக்கொண்டு, சன்னமாக, "வென் டு ஐ கெட் டு கோ ஹோம்?" என்றார். எப்போது என்னை வீட்டுக்கு விடுவீர்கள்.

என் மனைவி நாற்காலியை இழுத்துப் போட்டு மாமிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, வீக்கம் குறைந்ததும் போகலாம், நாளைக்குக் கொஞ்சம் நடந்து பார்க்கலாம் என்று மூன்று சின்ன வாக்கியத்தில் சொன்னாள். மூன்றிலும் கெட் இருந்தது. மாமி அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் இருமினேன்.

"நீங்க சித்த உள்ள போய்க் காப்பி கலந்துண்டு வாங்கோ," என்றார் மாமி திரும்பாமல். "பேஷண்டுக்கு நாக்கு வறள்றது."

தேர்வு வரைக்கும் தினமும் மாலை ஐந்தரைக்கு மாமி நோயாளியாக மாடி ஏறி வந்தார். நான் காபி போட்டேன். மூன்றாவது வாரத்தில் காபி நன்றாக வந்தது. அடுத்தது ரசம் என்று என் மனைவி சொன்னபோது, அவள் போகப்போகிறாள் என்பது எனக்கு அடுப்புக்கு முன்னால் நின்றபடி முதல்முறையாகத் தெளிவாகத் தெரிந்தது. ஏற்பாடு என்று எத்தனையோ முறை பேசியிருக்கிறோம். கையில் கரண்டி இருக்கும்போது அது வேறு மாதிரி இருக்கிறது.

இரண்டாம் முறை தேர்வு சென்னையில், நான்கு பகுதியும் மறுபடி. கூடப் போயிருந்தேன். எதிர்க்கடையில் மூன்று டீ குடித்து முடித்தபோது வெளியே வந்தாள். முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. ஆட்டோவில் ஏறியதும் சொன்னாள்.

"எல்லாம் மறந்துபோச்சுங்க. ஒரு பெட்டும் ஞாபகம் இல்ல."

"என்ன பண்ணினே?"

"பேஷண்டா வந்தவங்க ஜன்னல் வெளிச்சம் கண்ணுல அடிக்கிற மாதிரி உக்காந்திருந்தாங்க. நான் எந்திரிச்சுப் போய்த் திரையை இழுத்து விட்டேன். அப்பறம் என்ன பேசினேன்னே தெரியல. மணி அடிச்சுட்டாங்க."

போய்விட்டது என்று இருவருக்குமே தெரிந்தது. "பரவாயில்ல விடு," என்றேன். திரும்பி வரும் ரயிலில் அரியலூர் தாண்டியதும் தூங்கிவிட்டாள். நான் எதிர் சீட்டில் உட்கார்ந்து அவளைப் பார்த்துக்கொண்டே வந்தேன். எனக்குப் பசித்தது. நன்றாக, வயிறு நிறையச் சாப்பிட வேண்டும்போல் பசித்தது. இரண்டு மாதமாக எனக்கு அப்படிப் பசித்ததில்லை. இவள் ஒவ்வொரு படுக்கையாக அத்தனை உழைத்துத் தோற்றுவிட்டு வாயைத் திறந்து தூங்குகிறாள், எனக்குப் பசி எடுக்கிறது. இந்தப் பசி எதனால் என்று தெரிந்தபோது, லால்குடி வந்து கொள்ளிடம் பாலத்தில் ரயில் ஏறும்வரை நான் ஜன்னலுக்கு வெளியே மட்டும் பார்த்தேன். ஸ்ரீரங்கத்தில் அவளை எழுப்பி இறக்கிப் பையை நான் தூக்கிக்கொண்டேன். "இன்னைக்கு ஏன் இவ்வளவு அன்பா இருக்கீங்க?" என்றாள்.

மூன்று வாரம் கழித்து முடிவு வந்தது. விண்ணப்பத்தில் என் மின்னஞ்சலைக் கொடுத்திருந்ததால் என் போனுக்கு வந்தது. காலை பத்தே முக்கால். நூலகத்தில் நாலைந்து மாணவர்கள் மின்விசிறிக்குக் கீழே புத்தகத்தைத் திறந்து வைத்துக்கொண்டு போனைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். நானும் போனைப் பார்த்தேன். நான்கு பகுதியிலும் தேறிவிட்டாள். பேசுவதில்தான் எல்லாவற்றையும்விட அதிகம்.

அவளுக்கு அன்று காலை ஷிப்டு. டூட்டி நேரத்தில் அவர்கள் போன் பெட்டகத்தில் இருக்கும், மணி இரண்டுக்குத்தான் கையில் எடுக்கலாம். வார்டு எண்ணுக்குக் கூப்பிட்டுச் சொல்லலாம்தான். எடுப்பவர்கள் யாருக்கு என்ன ஆயிற்று என்று பதறுவார்கள். மாமிக்குச் சொல்லலாமா? அவளுக்கு முன் மாமிக்குச் சொல்வது முறையல்ல. மகனுக்கும் அதே. உலகத்தில் எனக்கு மட்டுமே தெரிந்த ஒரு செய்தியைப் பையில் வைத்துக்கொண்டு, திருப்பிக் கொடுத்த புத்தகங்களை அடுக்கினேன். வரலாற்றில் இரண்டு ரசாயனப் புத்தகத்தைச் செருகியதாக மறுநாள் உதவியாளர் சொன்னார்.

பன்னிரண்டு மணிக்கு அரைநாள் விடுப்பு எழுதிவிட்டுப் புறப்பட்டேன். மருத்துவமனை வாசலில் மருந்துக்கடை. அதன் கண்ணாடியில் சந்தோஷமான முகம் ஒன்றை வைத்துப் பார்த்தேன். சந்தோஷம் இருந்தது, பொய் இல்லை. அவள் ஜெயித்ததில் எனக்கு நெஞ்சு விம்மியது. ஆனால் கண்ணாடியில் தெரிந்த ஆள் எக்ஸ்ரே எடுக்க வந்தவர் மாதிரி இருந்தார். உதட்டை விரித்தால் கண் ஒத்துழைக்கவில்லை, கண்ணைச் சரிசெய்தால் கன்னம் இறங்கியது. கடைக்காரர், "சீட்டு இருக்குங்களா சார்?" என்று கேட்டார். நகர்ந்து காவலாளியின் நாற்காலிக்குப் பக்கத்தில் சிமெண்டு பெஞ்சில் உட்கார்ந்தேன்.

இரண்டு மணிக்கு ஷிப்டு முடிந்தாலும் இரண்டரைக்குத்தான் வந்தாள். ஓவர் கொடுத்துவிட்டு வர வேண்டுமே. தோளில் பை, கையில் டிபன் கூடை. என்னை அந்த நேரத்தில் அங்கே பார்த்ததும் நின்றாள். என் முகத்தைப் பார்த்தாள். பிறகு வேகமாக வந்து கூடையைக் கீழே வைத்துவிட்டு என் பக்கத்தில் உட்கார்ந்து மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள்.

"ரிசல்ட் வந்துருச்சா?"

தலையாட்டினேன்.

"சரி. சரிங்க. எனக்கு அன்னைக்கே தெரியும். நீங்க மனசுல வெச்சுக்காதீங்க." என் முதுகைத் தடவினாள். "உங்க தப்பு ஒண்ணுமில்ல. முதல் தடவை வேணா உங்க தப்பு, இந்தத் தடவை இல்ல. மாமியும் எவ்வளவு பாடுபட்டாங்க. பரவாயில்ல, இன்னொரு வாட்டி எழுதிக்கலாம். தண்ணி குடிச்சீங்களா? எத்தனை மணிக்கு வந்தீங்க? ஏன் வெயில்ல உக்காந்திருக்கீங்க?"

இவ்வளவு பெரிய ஏமாற்றத்தை அந்த அரை நிமிடத்தில் விழுங்கிவிட்டு அவள் என்னைத் தேற்றிக்கொண்டிருந்தாள். காவலாளி எழுந்து, துக்கச் செய்தி போலும் என்று, மரியாதையாகக் கேட் பக்கம் போய் நின்றுகொண்டார்.

"பாஸ்," என்றேன்.

"என்ன?"

"பாஸாயிட்டே. நாலுலயும்."

போனைக் கொடுத்தேன். படித்தாள். வெயிலுக்குக் கையால் மறைத்துக்கொண்டு மறுபடி படித்தாள். நடுவிரலால் திரையைத் தள்ளிப் பெயர் தன்னுடையதுதானா என்று பார்த்தாள். அப்புறம் போனை மடியில் வைத்துவிட்டு என் முகத்தை இன்னொரு முறை நிதானமாகப் பார்த்தாள்.

"பாஸானதுக்கா இந்த மூஞ்சி?"

பொய் சொல்ல எனக்குப் பத்தே முக்காலிலிருந்து நேரம் இருந்தது. ஒன்றும் தயார் செய்திருக்கவில்லை.

"ஆமா," என்றேன்.

அவள் கோபப்படுவாள் என்று நினைத்தேன். கண்ணைப் புறங்கையால் துடைத்துக்கொண்டாள், அது எதற்கு என்று என்னால் சொல்ல முடியாது. "சாப்பிட்டீங்களா?" என்று கேட்டாள். இல்லை என்றேன். "எந்திரிங்க," என்றாள்.

எதிரில் இருந்த மெஸ்ஸில் கடைசிப் பந்தி ஓடிக்கொண்டிருந்தது. இலை போட்டார்கள். அவள் மகனைக் கூப்பிட்டாள், மாமியைக் கூப்பிட்டாள், மணப்பாறைப் பெண்ணுக்குக் குரல் செய்தி அனுப்பினாள். மாமி போட்ட சத்தம் பக்கத்து இலைக்காரர் வரைக்கும் கேட்டது. எல்லோரும் அவளிடம் எப்போது கிளம்புகிறாய் என்று கேட்டார்கள். போனை வைத்துவிட்டு, சோற்றில் கையை வைக்காமல் என்னைப் பார்த்தாள்.

"நான் போகட்டுமாங்க?"

இத்தனை மாதத்தில் இதை அவள் கேட்டதில்லை. கேட்கும்படி நானும் விட்டதில்லை, முதல் நாளே நல்லதுதான் என்று சொல்லி வாயை அடைத்துவிட்டேன். வேண்டாம் என்று சொன்னால் இருந்துவிடுவாளோ என்று ஒரு கணம் தோன்றியது. இருந்துவிடுவாள். இரண்டு மணிக்கு ஷிப்டு முடிந்து இரண்டரைக்கு அந்த வாசலிலிருந்து கூடையோடு வெளியே வருவாள், ரிட்டயர் ஆகிறவரை. சாம்பார் வாளியோடு வந்தவர் என் இலைக்கு மேல் காத்துக்கொண்டிருந்தார்.

"நாலு மாசம் இருக்குல்ல," என்றேன்.

"அஞ்சு," என்றாள். "விசாவுக்கு ஒரு மாசம் கூட ஆகுமாம்."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. ஒரு மாதம் கூடக் கிடைத்ததற்கு, வெட்கமில்லாமல், வாயெல்லாம் பல்லாகச் சிரித்தேன். அவள் அந்த முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, "எனக்கும் ஊத்துங்க," என்று சாம்பார்க்காரரிடம் சொல்லிவிட்டுச் சோற்றைப் பிசைய ஆரம்பித்தாள்.